எரியாத ஏடு

பெங்களூரில், அல்சூர் ஏரிக்குப் பின்னால், மாவு மில் சந்தில் குடியிருந்த எத்திராஜை அந்த வட்டாரத்துத் தமிழர்கள் புலவர் என்றுதான் கூப்பிடுவார்கள். அவர் புலவர் பட்டம் பெற்றவர் அல்ல. அஞ்சல் வழியில் இரண்டு முறை தேர்வு எழுதி, இரண்டு முறையும் இலக்கணத் தாளில் தோற்றவர். வேலை ஒரு அரசுத் தொழிற்சாலையில், ஸ்டோர் பிரிவில். தொழிலாளிகள் சீட்டு நீட்டினால் நட்டு, பேரிங், கையுறை என்று தேடி எடுத்துக் கொடுக்க வேண்டும். அந்த வேலைக்கு நடுவே, தொழிற்சாலையில் யார் ஓய்வு பெற்றாலும், யார் வீட்டில் கல்யாணம் நடந்தாலும், கண்ணாடிச் சட்டம் போட்டுக் கொடுக்கும் வாழ்த்து மடலுக்கு அவர்தான் பாட்டு எழுதுவார். வாங்கிக்கொள்பவர்கள் சட்டத்தைத் தடவிப் பார்த்து, "பிரேம் நல்லா கீது புலவரே" என்பார்கள். பாட்டைப் பற்றி ஒருவரும் ஒன்றும் சொன்னதில்லை.

அவர் செய்த தப்பைச் சொல்வதற்கு முன்னால், தொண்ணூற்றொன்று டிசம்பரில் நடந்ததைச் சொல்லிவிட வேண்டும். காவிரித் தண்ணீர்ச் சண்டையில் நகரம் கொதித்த அந்த இரண்டு நாட்களில், தமிழர்களின் கடைகளும் வண்டிகளும் பல இடங்களில் எரிந்தன. மாவு மில் சந்தில் ஒன்றும் எரியவில்லை. அதற்குக் காரணம் கோவிந்தப்பா. மில்லுக்குச் சொந்தக்காரர், கன்னடக்காரர். அவர் மில்லுக்கும் எத்திராஜ் வீட்டுக்கும் நடுவே ஒரே சுவர். முதல் நாள் காலையிலேயே எத்திராஜையும் அவர் மனைவி லட்சுமம்மாவையும் மில்லுக்குள் கூட்டிப்போய்க் கோதுமை மூட்டைகளுக்குப் பின்னால் உட்கார வைத்தார். ஷட்டரை இழுத்துவிட்டு, வெளியே ஒரு ஸ்டூல் போட்டு உட்கார்ந்துகொண்டார். மத்தியானம் ஒரு கூட்டம் வந்து, இங்கே தமிழர் வீடு எது என்று கேட்டது. "எல்லாம் எங்க வீடுதான், போங்க" என்று கன்னடத்தில் சொன்னார் கோவிந்தப்பா. எழுந்திருக்கக்கூட இல்லை. ஒருவன் ஸ்டூலை உதைத்தான். கீழே விழுந்ததில் அவருக்கு இடது முழங்கை பிசகியது. கூட்டம் போய்விட்டது. அந்தக் கை மட்டும் அதற்குப் பிறகு முழுதாக நீளவே இல்லை.

தொண்ணூற்று மூன்றில் எத்திராஜ் சரளாவைச் சந்தித்தார். ஞாயிற்றுக்கிழமைகளில் ஏரிப் பக்கம் இருந்த ஒரு சின்னத் தமிழ் மன்றத்தின் படிப்பறையைத் திறந்து, புத்தகங்களைத் தூசி தட்டி அடுக்குவது அவர் பொழுதுபோக்கு. சரளா அங்கே பாட்டு தேடி வந்தாள். முப்பது வயது இருக்கும். பள்ளிக்கூடம் ஒன்றின் பிரார்த்தனைக் கூடத்தில் பதினோரு பிள்ளைகளுக்குப் பரதநாட்டியம் சொல்லிக் கொடுத்துக்கொண்டிருந்தாள். சபாக்களில் போய் நின்றால் முதல் கேள்வியே அவளுடைய குரு யார் என்பதாக இருந்தது. அவள் கற்றுக்கொண்டதோ ஒரு பள்ளி ஆசிரியையிடம், சனிக்கிழமைகளில்.

"எல்லாரும் ஆடின பாட்டையே நானும் ஆடினா என்னை யார் சார் பாக்க வருவாங்க? யாரும் ஆடாததா ஒண்ணு வேணும்" என்றாள்.

எத்திராஜ் அடுத்த வாரமே அல்சூர்க் கோயில் சோமேஸ்வரர் மேல் தானே எழுதிய நான்கு பாட்டுகளைக் கொண்டுபோய்க் கொடுத்தார். சரளா படித்தாள்.

"நல்லாத்தான் இருக்கு சார். ஆனா யார் எழுதினதுன்னு கேப்பாங்களே. ஸ்டோர் கிளார்க்குன்னா சொல்ல முடியும்?"

குத்தலாகச் சொல்லவில்லை. அவளும் சிரித்தாள், அவரும் சிரித்தார். ஆனால் அந்தச் சிரிப்பு அவரை இரண்டு வாரம் விடவில்லை. பஸ்ஸில் போகும்போதும், பேரிங் தேடி அலமாரிக்குள் கையை விடும்போதும் காதில் கேட்டுக்கொண்டே இருந்தது.

மூன்றாவது ஞாயிற்றுக்கிழமை ஒரு தாளை நீட்டினார். அதில் இருந்த பாட்டு இது:

ஒன்பதாம் அடியில் ஓசையும் ஒழியும்;
பொன்பதம் நிலத்தைப் பூவெனத் தீண்டும்;
என்பதம் நின்பதம் இரண்டற ஒன்றின்
அன்பதே ஆடும், அரங்கமும் அதுவே.

சரளா இரண்டு முறை படித்துவிட்டு நிமிர்ந்தாள். "இது யார் சார் எழுதினது?"

"தெரியாதும்மா. ரொம்பப் பழசு. பாதமறைன்னு ஒரு ஏடு. விளக்கச் சுத்தி ஒன்பது அடி வச்சு ஆடுற ஆட்டம். ஒவ்வொரு அடிக்கும் ஒண்ண விடணும். பேர விடணும், குலத்த விடணும், அப்படியே போகும். கடைசி அடியில சதங்கை கட்டின காலு சத்தம் போடக் கூடாது."

சொல்லச் சொல்ல அவருக்கே அந்த ஏடு கண்ணில் தெரிந்தது. நாற்பத்திரண்டு ஓலை, ஓரத்தில் பூச்சி அரித்தது, வந்தவாசிப் பக்கம் அம்மாவைப் பெற்ற தாத்தா வீட்டுப் பரணில் கிடந்து, தன்னோடு பெங்களூருக்கு வந்தது.

"இப்ப எங்க இருக்கு? நான் அதைப் பாக்கணும் சார்."

விளையாட்டுக்குச் சொன்னேன்மா, நான்தான் எழுதினேன் என்று சொல்ல அவருக்கு அரை நிமிடம் இருந்தது. அந்த அரை நிமிடத்தை அவர் பிற்பாடு ஆயிரம் தரம் நினைத்துப் பார்த்திருக்கிறார். வாயில் வந்தது வேறு.

"இல்லம்மா. எரிஞ்சுபோச்சு. தொண்ணூத்தொண்ணுல."

சரளாவின் முகம் மாறிப்போனது. அதற்குமேல் ஒரு கேள்விகூடக் கேட்கவில்லை. தாளைக் கண்ணில் ஒற்றிக்கொண்டு பையில் வைத்தாள். அந்த ஒரு வார்த்தை எல்லாக் கேள்வியையும் அடைத்துவிடும் என்று எத்திராஜ் அன்றைக்குத் தெரிந்துகொண்டார்.

வீட்டுக்குத் திரும்பும்போது மில் வாசலில் கோவிந்தப்பா வலது கையால் தகர டின்னைத் தூக்கி வைத்துக்கொண்டிருந்தார். "ஊட்டா ஆயிதா எத்திராஜ் அவ்ரே?" என்று எப்போதும்போலக் கேட்டார். சாப்பிட்டாயிற்று என்று தலையை மட்டும் ஆட்டிவிட்டு எத்திராஜ் வேகமாக உள்ளே போய்விட்டார். சாப்பிட்டிருக்கவில்லை.

மிச்ச எட்டுப் பாட்டையும் ஏட்டிலிருந்து முன்பு பெயர்த்து எழுதி வைத்தவை என்று சொல்லி ஒவ்வொன்றாகக் கொடுத்தார். ஸ்டோரில் சீட்டு வராத நேரத்தில், அட்டை போட்ட ஒரு நீல நோட்டில் எழுதி அடித்து எழுதியவை அவை. அந்த ஒன்பதாம் அடி அவருக்கு எங்கிருந்து வந்தது என்பது அவருக்கு மட்டும் தெரியும். இரவு ஷிப்ட் முடித்து வந்து அவர் பகலில் தூங்கும்போது, லட்சுமம்மா கொலுசைக் கழற்றிவிட்டு, குடத்தை இடுப்பில் வைத்துக்கொண்டு, கட்டிலைச் சுற்றி ஒருக்களித்து நடப்பாள். ஒரே அறை, வேறு வழி இல்லை. பல நாள் அவர் தூங்காமல் கண்ணை மூடியபடி அந்த நடையைக் கேட்க முயன்றிருக்கிறார். கேட்டதில்லை. பாதமறையில் சாமி கொஞ்சம், லட்சுமம்மாதான் அதிகம். அதை அவளிடம் அவர் சொன்னதில்லை.

தொண்ணூற்று நாலு ஆகஸ்டில் ரிச்சர்ட்ஸ் டவுனில் ஒரு பள்ளி அரங்கத்தில் சரளா அதை ஆடினாள். சதங்கை ஒலிக்காமல் அடி வைக்க ஐந்து மாதம் பழகியிருந்தாள். ஒன்பதாம் சுற்றில் மிருதங்கமும் நின்றுவிட, முந்நூறு பேர் மூச்சை அடக்கிக்கொண்டு அந்தக் காலையே பார்த்தார்கள். சத்தம் வரவில்லை. தன் வரியை ஒரு உடம்பு இப்படித் தாங்கும் என்று எத்திராஜ் நினைத்ததே இல்லை.

அதோடு முடிந்திருந்தால் பரவாயில்லை. நிகழ்ச்சியைத் தொகுத்துச் சொன்னவர், "கலவரத் தீயில் கருகிப்போன சுவடியிலிருந்து, ஒரு தொழிலாளியின் குறிப்பில் தப்பிப் பிழைத்த பாடல்கள்" என்று அறிவித்து, எத்திராஜை எழுந்து நிற்கச் சொன்னார். எழுந்தார். கைதட்டினார்கள். ஒரு பெண்மணி வந்து அவர் இரண்டு கையையும் பிடித்துக்கொண்டு, "எவ்வளவு இழந்திருக்கீங்க" என்று கண் கலங்கினாள். வாழ்நாளில் அவருக்குக் கிடைத்த முதல் கைதட்டல். அது பாட்டுக்கா, தீக்கா என்று அவரால் பிரித்துச் சொல்ல முடியவில்லை.

அன்று ஸ்ரீகண்டன் என்ற ஓய்வுபெற்ற தமிழ்ப் பேராசிரியரும் வந்திருந்தார். பாட்டைக் கேட்டு எழுதிக்கொண்டு, மறு வாரம் படிப்பறைக்கே வந்துவிட்டார்.

"பொன்பதம்னு வருதே. பொற்பதம்னுல்ல வரணும்?"

இலக்கணத் தாளில் எத்திராஜைக் கவிழ்த்தது இதேபோன்ற பிழைதான். எதுகை நிற்க வேண்டும் என்ற அவசரத்தில் கவனிக்காமல் விட்டிருந்தார்.

"ஏட்டுல அப்படித்தாங்க ஐயா இருந்தது. எழுதினவரோட தப்பா இருக்கலாம்."

"தப்புன்னு யார் சொன்னது?" ஸ்ரீகண்டனின் கண்கள் மின்னின. "படிச்சவன் கை படாத வாய்மொழி வழக்குய்யா இது. பழசுங்கிறதுக்கு இதுவே சாட்சி."

தொண்ணூற்று எட்டில் அவர் வெளியிட்ட பாதமறைப் பதிப்பின் முன்னுரையில் அந்த ஒரு சொல்லுக்கு மட்டும் பன்னிரண்டு பக்கம் ஒதுக்கியிருந்தார். அதற்குள் பாட்டுகள் இருபத்தேழாகியிருந்தன. ஒன்பது போதாது, நோட்டில் இன்னும் இருக்குமே, தேடிப் பாருங்கள் என்று சரளா கேட்டுக்கொண்டே இருந்தாள். எத்திராஜும் தேடிக் கொடுத்துக்கொண்டே இருந்தார். இருபத்தேழும் நல்ல பாட்டு. அதில் ஒன்றும் பொய் இல்லை. அது இருந்த இடம்தான் பொய்.

சரளா வளர்ந்தாள். சென்னை, டில்லி, சிங்கப்பூர் என்று போய் வந்தாள். பிள்ளைகள் அறுபது பேராகி, வாடகைக்கு ஒரு மாடி எடுத்தாள். அவளுடைய குரு யார் என்று இப்போது ஒருவரும் கேட்பதில்லை. ஒவ்வொரு நிகழ்ச்சிக்கு முன்பும் எத்திராஜின் காலைத் தொட்டுக் கும்பிட்டுவிட்டுத்தான் மேடை ஏறுவாள். அவள் குனியும்போதெல்லாம் எத்திராஜுக்குப் பாதம் கூசும். ஒருமுறை உண்மையைச் சொல்லிவிடுவது என்று தீர்மானித்து அவள் வகுப்புக்குப் போனார். சுவர் முழுக்க ஓலைச்சுவடி ஒன்றை வரைந்து, கீழே பாதமறை என்று பெரிதாக எழுதி வைத்திருந்தார்கள். சின்னப் பெண்கள் அதற்குப் பூப்போட்டுக்கொண்டிருந்தார்கள். சும்மா இந்தப் பக்கம் வந்தேன் என்று சொல்லி, கொடுத்த காபியைக் குடித்துவிட்டுத் திரும்பிவிட்டார்.

இரண்டாயிரம் மே மாதம் ஒரு தமிழ் வாரப் பத்திரிகைக்காரர்கள் சரளாவைப் பற்றிக் கட்டுரை எழுத வந்தார்கள். ஏடு எரிந்த இடத்தையும் படம் எடுக்க வேண்டும் என்று அவர்களாகவே மாவு மில் சந்துக்கு வந்தபோது எத்திராஜ் ஷிப்டில் இருந்தார். லட்சுமம்மா ரேஷன் கடைக்குப் போயிருந்தாள். மில் வாசலில் இருந்த கோவிந்தப்பாவிடம் பேசிவிட்டு, சுவரைப் படம் எடுத்துக்கொண்டு போய்விட்டார்கள். இரண்டு வாரம் கழித்துக் கட்டுரை வந்தது. அதைப் பார்த்து ஒரு கன்னடப் பத்திரிகையும் சுருக்கமாகப் போட்டது.

அந்தப் பத்திரிகையைக் கையில் பிடித்துக்கொண்டு கோவிந்தப்பா எத்திராஜ் வீட்டு வாசலுக்கு வந்தார். உள்ளே வரச் சொல்லியும் வரவில்லை.

"ஒண்ணு கேக்கணும் எத்திராஜ் அவ்ரே. அந்த கலாட்டா டைம்ல நம்ம சந்துல என்ன எரிஞ்சுது?"

எத்திராஜ் வாசலில் கிடந்த செருப்பை ஓரமாகத் தள்ளினார்.

"எனக்குத்தான் ஞாபகம் போயிடுச்சோன்னு எங்க வீட்லயும் கேட்டேன். அவளுக்கும் கொத்தில்லா, தெரியலயாம். பேப்பர்காரங்க வந்து, எரிஞ்ச அன்னிக்கு நீங்க எங்க இருந்தீங்கன்னு கேட்டாங்க. இங்கதான் ஸ்டூல் போட்டு உக்காந்திருந்தேன்னு சொன்னேன். எழுதிக்கிட்டாங்க. இப்ப பாருங்க என்னா போட்டிருக்காங்கன்னு."

எத்திராஜுக்குக் கன்னடம் நன்றாகவே படிக்க வரும். 'வீடு எரிந்தபோது வாசலில் உட்கார்ந்து பார்த்துக்கொண்டிருந்ததாக அடுத்த வீட்டுக்காரர் ஒப்புக்கொண்டார். அதற்குமேல் பேச அவர் மறுத்துவிட்டார்' என்று அதில் இருந்தது. படத்தில் மில்லின் சுவரும், ஓரத்தில் கோவிந்தப்பாவின் வளைந்த கையும் தெரிந்தன.

"என் மகன் மைசூர்ல இருந்து போன் பண்றான். அப்பா, அன்னிக்கு நீ நெஜமாவே என்னா பண்ணேன்னு கேக்கறான். நான் அவனுக்கு என்னா சொல்லட்டும்?"

"பேப்பர்காரங்க எதையோ தப்பா எழுதிட்டாங்க" என்றார் எத்திராஜ்.

கோவிந்தப்பா பத்திரிகையை நாலாக மடித்து எத்திராஜ் கையில் வைத்துவிட்டுப் போய்விட்டார். அதற்குப் பிறகும் அவர்கள் வீட்டுக் கோதுமையை அரைத்துத்தான் கொடுத்தார். சாப்பிட்டாயா என்று கேட்பது மட்டும் நின்றுபோனது.

லட்சுமம்மா எல்லாவற்றையும் அடுப்படியிலிருந்து கேட்டிருந்தாள். பாத்திரத்தைக் கழுவி வைத்துவிட்டு வந்தாள்.

"நம்ம வீட்ல அடுப்பத் தவிர எது எரிஞ்சுது?"

"உனக்குப் புரியாது. இது பாட்டு சம்பந்தப்பட்டது."

"எனக்குப் பாட்டு புரியாதுதான். அந்தாளு கை எதுக்கு அப்படி வளைஞ்சு நிக்குதுன்னு புரியும்."

இரண்டு மாதம் இப்படியே போனது. ஜூலைக் கடைசியில், கன்னட நடிகர் ஒருவரைத் தமிழ்க் கொள்ளைக்காரன் ஒருவன் காட்டுக்குள் கடத்திக்கொண்டு போய்விட்டான் என்ற செய்தி வந்து, நகரத்துத் தமிழர்களுக்கு மறுபடி வயிற்றில் நெருப்பைக் கட்டிக்கொண்டது போலாயிற்று. கடைகள் மூடிக் கிடந்தன, பஸ் ஓடவில்லை. லட்சுமம்மா துணிமணியை ஒரு பையில் திணித்துக்கொண்டு புருஷன் முகத்தைப் பார்த்தாள். சுவருக்கு அந்தப் பக்கம் போய்க் கேட்க எத்திராஜுக்கு வாய் வரவில்லை. கேட்பதற்கு அவரிடம் என்ன உரிமை இருந்தது?

பத்து மணிக்குக் கோவிந்தப்பாவே வந்தார். எத்திராஜைப் பார்க்காமல் லட்சுமம்மாவிடம், "ஒளகட பன்னி அம்மா" என்றார். உள்ளே வந்துவிடுங்கள் என்று அர்த்தம். ஷட்டரைப் பாதி இறக்கினார். ஸ்டூலை எடுத்து வெளியே போட்டு உட்கார்ந்துகொண்டார். அறுபது தாண்டிவிட்டது அவருக்கு. உட்காரும்போது வலது கையால் சுவரைப் பிடித்துக்கொண்டார்.

அன்றைக்கு அந்தச் சந்துக்கு ஒருவரும் வரவில்லை. ஆனால் சாயங்காலம்வரை எத்திராஜ் மாவு வாசனைக்கு நடுவே உட்கார்ந்து, ஷட்டருக்கு அடியில் தெரிந்த அந்த ஸ்டூலின் கால்களையே பார்த்துக்கொண்டிருந்தார். கோவிந்தப்பாவின் மனைவி தட்டில் சோறு கொண்டுவந்து வைத்தாள். லட்சுமம்மா சாப்பிட்டாள். எத்திராஜுக்கு இறங்கவில்லை. யாராவது வந்து தன்னை நாலு அடி அடித்துவிட்டால் தேவலை என்றுகூட இருந்தது.

பஸ் ஓடத் தொடங்கிய முதல் நாள் நீல நோட்டை எடுத்துக்கொண்டு சரளாவின் வகுப்புக்குப் போனார். ஸ்ரீகண்டனும் அங்கே இருந்தார். டிசம்பரில் இருபத்தேழு பாட்டையும் ஒரே மேடையில் ஆட ஏற்பாடு நடந்துகொண்டிருந்தது. எத்திராஜ் நின்றபடியே சொன்னார்.

"ஏடுன்னு ஒண்ணு இல்லம்மா. பாதமறை நான் எழுதினது."

சரளா சிரித்தாள். "என்ன சார், உடம்பு சரியில்லையா?"

ஸ்ரீகண்டன் சிரிக்கவில்லை. "நீர் நல்ல மனுஷன் எத்திராஜ். ஆனா இந்தப் பாட்டு உம்மால எழுத முடியாது. உம்ம வாழ்த்து மடல் நாலஞ்சு நான் பார்த்திருக்கேன். அதுக்கும் இதுக்கும் ஏணி வச்சாலும் எட்டாது."

ஏழு வருஷமாகத் தன் பேரைச் சொல்லத் துடித்த மனுஷனுக்கு அந்த வார்த்தை எப்படி இருந்திருக்கும் என்று நாமே நினைத்துக்கொள்ளலாம். எத்திராஜ் நோட்டை மேசையில் வைத்தார். சரளா புரட்டினாள். பக்கத்துக்குப் பக்கம் அடித்தல், திருத்தல். 'ஓசையும் அடங்கும்' என்று எழுதி, அடித்து, 'ஒழியும்' என்று மாற்றியிருந்தது. ஓரத்தில் பேரிங் நம்பர்கள். முதல் பக்கத்தில் தேதி, தொண்ணூற்று மூன்று பிப்ரவரி. ஸ்ரீகண்டன் எட்டிப் பார்த்தார். கண்ணாடியைக் கழற்றித் துடைத்து மறுபடி போட்டுப் பார்த்தார். பிறகு தன் பையை எடுத்துக்கொண்டு, செருப்பைச் சரியாக மாட்டாமலே படி இறங்கிப் போய்விட்டார்.

"எரிஞ்சதுன்னு சொன்னது?" என்றாள் சரளா.

"அதுவும் பொய்தான். எங்க சந்துல எதுவும் எரியல. எரிய விடாம ஒருத்தர் பாத்துக்கிட்டார்."

சரளா நோட்டை மூடினாள். பேசியபோது குரல் உயரவில்லை.

"எங்க அப்பாவுக்கு ஒக்கலிபுரத்துல வாடகை சைக்கிள் கடை இருந்தது சார். தொண்ணூத்தொண்ணுல நெஜமாவே எரிஞ்சுது. இருபத்திரண்டு சைக்கிள். அப்புறம் அவர் எழுந்திருக்கவே இல்ல, அடுத்த வருஷமே போயிட்டார். அதனாலதான் அன்னிக்கு உங்ககிட்ட மேல ஒரு கேள்வி கேக்கல. எரிஞ்சவங்கள மறுபடி கேட்டு நோகடிக்கக் கூடாதுன்னு."

சரளா நோட்டை அவர் பக்கம் தள்ளினாள்.

"பாட்டு நீங்க எழுதினதுக்கு நான் கோவிச்சுக்கல. மொதல்ல ஸ்டோர் கிளார்க்குன்னு சிரிச்சது நான்தான். ஆனா அந்தத் தீயை எடுத்து உங்க பாட்டுக்கு விளக்கு ஏத்திக்கிட்டீங்களே சார். நீங்க போங்க. இப்ப என்னால உங்களப் பாக்க முடியாது."

எத்திராஜ் அன்றே பத்திரிகைக்குக் கடிதம் எழுதினார். ஏடு இல்லை, எரியவில்லை, எழுதியது நான், அடுத்த வீட்டுக்காரர் எங்கள் உயிரைக் காத்தவர் என்று நாலு வரி. கன்னடத்திலும் ஒன்று எழுதி, பிழை இருக்கிறதா என்று தொழிற்சாலையில் கூட வேலை பார்த்த கன்னடக்காரர் சீனுவிடம் காட்டித் திருத்திக்கொண்டு அந்தப் பத்திரிகைக்கும் அனுப்பினார். தமிழ்ப் பத்திரிகை ஒரு மாதம் கழித்து, ராசிபலனுக்குக் கீழே போட்டது. கன்னடப் பத்திரிகையில் வரவே இல்லை. அந்தக் கன்னடக் கடிதத்தின் நகலை எடுத்துக்கொண்டு கோவிந்தப்பாவிடம் போய், மில் ஓடிக்கொண்டிருந்த சத்தத்துக்கு நடுவே உரக்கப் படித்தார். கோவிந்தப்பா பெல்ட்டைத் தள்ளி மில்லை நிறுத்திவிட்டு, மறுபடி முதலிலிருந்து படிக்கச் சொன்னார்.

"இதை என் மகனுக்குப் போன்ல படிச்சுச் சொல்றீங்களா?" என்றார்.

எத்திராஜ் எஸ்.டி.டி. பூத்துக்கு அவருடனே போய், மைசூருக்குப் பேசி, வரி வரியாகப் படித்தார். அந்தப் பக்கத்தில் மகன் என்ன சொன்னானோ, கோவிந்தப்பா ரிசீவரை வாங்கி, "ஆயித்து, ஆயித்து" என்று, ஆயிற்று விடு என்பதுபோல மட்டும் சொல்லிக்கொண்டிருந்தார். மன்னித்தேன் என்று அவர் ஒருநாளும் சொல்லவில்லை. எத்திராஜும் கேட்கவில்லை.

மன்றத்தில் படிப்பறைச் சாவியைத் திருப்பி வாங்கிக்கொண்டார்கள். ஸ்ரீகண்டன் வழியில் பார்த்தாலும் எதிர்ப்பக்கம் போய்விடுவார். தொழிற்சாலையில் சிலர் கேலி செய்தார்கள், சிலர் இப்போதுதான் அவர் பாட்டைத் தேடிப் படித்து நல்லாயிருக்கே என்றார்கள். அவருக்கு இரண்டும் ஒன்றாகத்தான் பட்டது. சரளா இரண்டு வருஷம் பாதமறையைத் தொடவில்லை. அதனால் அவள் கைவிட்டுப் போன நிகழ்ச்சிகள் பல. பிறகு ஒன்பது பாட்டை மட்டும் ஆடினாள். அழைப்பிதழில் 'பாடல்: எத்திராஜ், அல்சூர்' என்று போட்டு ஒன்று தபாலில் அனுப்பியிருந்தாள். கூடவே கடிதம் எதுவும் இல்லை. அவர் போகவில்லை. லட்சுமம்மாவைப் போய்ப் பார்த்துவரச் சொன்னார். அவள் திரும்பி வந்து, நாற்பது பேர்கூட இல்லை, ஆனால் அந்தப் பொண்ணு ஆடினது மனசுக்குள்ளேயே நிக்குது என்றாள்.

இதெல்லாம் ஓய்ந்துவிட்டது என்று எத்திராஜ் நினைத்திருந்தபோது, இரண்டாயிரத்து நாலில், விருப்ப ஓய்வு வாங்கிக்கொண்டு வீட்டில் இருந்தவருக்கு வெளிநாட்டிலிருந்து ஒரு ஆராய்ச்சி மாணவியின் கடிதம் வந்தது. கலவரத்தில் அழிந்த சுவடிகளைப் பற்றி எழுதுகிறாளாம். பாதமறை பற்றி இணையத்தில் படித்தாளாம். எத்திராஜ் பஜார் தெருவில் இருந்த பிரவுசிங் சென்டருக்குப் போய், கல்லாவில் இருந்த பெண்ணிடம் அந்தப் பேரைத் தேடித் தரச் சொன்னார். திரையில் ஒன்றன் கீழ் ஒன்றாக வந்தது. பதினான்காம் நூற்றாண்டுச் சுவடி என்று ஒருவர் எழுதியிருந்தார். ஆடினால் நோய் தீரும் என்று இன்னொருவர். சித்தர் ஒருவரின் பேரையும் யாரோ ஆசிரியராகச் சேர்த்திருந்தார்கள். எல்லாவற்றிலும், பெங்களூரில் அக்கம்பக்கத்தார் பார்த்திருக்க எரிக்கப்பட்டது என்ற வரி மாறாமல் இருந்தது. அவர் எழுதிய நாலு வரிக் கடிதம் எங்குமே இல்லை.

அன்றிலிருந்து வாரத்தில் இரண்டு நாள் அங்கே போனார். ஒரு விரலால் தட்டக் கற்றுக்கொண்டார். முகவரி கிடைத்தவர்களுக்கெல்லாம் எழுதினார். பாதி பேர் பதில் போடவில்லை. ஒருவர், உங்கள் அடக்கம் பாராட்டத்தக்கது என்று எழுதினார். அந்த மாணவி மட்டும் நீளமாகப் பதில் அனுப்பினாள். உங்கள் கருத்துக்கு நன்றி, என் கட்டுரையில் 'இந்நூலின் ஆசிரியர் குறித்துக் கருத்து வேறுபாடு உண்டு' என்று ஒரு அடிக்குறிப்புச் சேர்த்துவிடுகிறேன் என்று இருந்தது.

எத்திராஜ் அதை இரண்டு முறை படித்தார். பிறகு விசைப்பலகையை அருகே இழுத்து, 'அன்புள்ள அம்மா, அடிக்குறிப்பு போதாது. கோவிந்தப்பா என்று ஒருவர் இருக்கிறார்' என்று ஒவ்வொரு எழுத்தாகத் தேடித் தட்டத் தொடங்கினார்.